அப்டேட் நிறுவியாயிற்று, ஐகான் எங்கே?

அக்கா மகன் போன மாதம் ஒரு புகாரோடு வந்து நின்றான். கையில் நிண்டெண்டோவின் கையடக்க விளையாட்டுக் கன்சோலான நியூ 3டிஎஸ் எக்ஸ்எல். கைமாறி வந்த பழைய பொருள். லூமா3டிஎஸ் என்னும் மாற்று மென்பொருளை முன்பு வைத்திருந்தவரே போட்டுக் கொடுத்திருந்தார்.

"மாமா, விளையாட்டுக்கு வந்த அப்டேட்டை நிறுவிவிட்டேன். முடிந்தது என்றுதான் திரையில் வருகிறது. ஆனால் முகப்பில் புதிதாக ஒன்றும் வரவில்லையே?"

மூன்று முறை நிறுவிப் பார்த்திருக்கிறான். வாங்கிப் பார்த்தேன், மூன்று முறையும் சரியாகவே நிறுவியிருந்தான். அவன் தேடிக்கொண்டிருந்தது ஒரு புது ஐகானை. அது ஒருநாளும் வராது. ஏன் வராது என்பது புரிந்துவிட்டால், இந்தக் கன்சோலிலும், கணினியில் இதைப்போலவே நடித்து விளையாட்டை ஓட்டும் மென்பொருளான எமுலேட்டரிலும் புதியவர்கள் முட்டிக்கொள்ளும் இடங்களில் முக்கால்வாசி தானாகவே விலகிவிடும். அதை அவனுக்குச் சொன்ன வரிசையிலேயே இங்கும் எழுதுகிறேன்.

3டிஎஸ் ஜப்பானில் விற்பனைக்கு வந்தது 2011 பிப்ரவரி 26 அன்று. தயாரிப்பு 2020இல் நின்றது. அதன் இணையக் கடையான ஈ-ஷாப்பில் 2023 மார்ச் 27க்குப் பிறகு எதையும் வாங்க முடியாது. இணையவழியாகச் சேர்ந்து விளையாடும் வசதியும் 2024 ஏப்ரல் 8 அன்று முடிந்துபோனது. இருந்தாலும் ஏற்கெனவே வாங்கியவற்றை மறுபடி இறக்கிக்கொள்வதற்கும், விளையாட்டுகளுக்கான அப்டேட்டுகளைப் பெறுவதற்கும் கடை மூடிய பிறகும் வழி விட்டுவைத்தார்கள். இந்தத் தகவல் பின்னால் உதவும்.

அழிக்க முடியாததை எப்படித் திருத்துவது?

3டிஎஸ் விளையாட்டு ஒரு சின்னக் கார்ட்ரிட்ஜில் வருகிறது. அதற்குள் விளையாட்டு பதிந்திருக்கும் சில்லு, தொழிற்சாலையில் ஒருமுறை எழுதியதோடு சரி. சேமிப்பு விவரம் பதிய மட்டும் கொஞ்சம் எழுதக்கூடிய இடம் உண்டு. விளையாட்டின் உள்ளே ஒரு பிழை இருந்தால், கார்ட்ரிட்ஜைத் திறந்து அதை மாற்ற நிண்டெண்டோவாலும் முடியாது.

பத்திரப் பதிவு அலுவலகத்துக்குப் போய்வந்தவர்களுக்கு இது பழகிய சங்கதி. கிரயப் பத்திரத்தில் தந்தை பெயரோ எல்லையோ தவறாகப் பதிவாகிவிட்டால், பழைய பத்திரத்தை யாரும் சுரண்டித் திருத்துவதில்லை. பிழைத்திருத்தல் பத்திரம் என்று தனியாக ஒன்றை எழுதிப் பதிவு செய்கிறோம். பழையது பழையபடியே இருக்கும். இனிமேல் யார் படித்தாலும் இரண்டையும் சேர்த்துத்தான் படிக்க வேண்டும். முரண்பட்டால் பின்னதே செல்லும்.

3டிஎஸ்ஸின் அப்டேட்டும் இப்படிப்பட்ட ஒரு திருத்தல் பத்திரம்தான். கார்ட்ரிட்ஜைத் தொடாமல் அது மெமரி கார்டில் போய் உட்காருகிறது. விளையாட்டைத் திறக்கும்போது, "இதற்குத் திருத்தம் ஏதாவது பதிவாகியிருக்கிறதா?" என்று கன்சோல் பார்க்கிறது. இருந்தால் நிரலை அப்டேட்டிலிருந்து எடுக்கிறது. படம், இசை, எழுத்து போன்ற பெரிய கோப்புகளில் மாறாதவற்றைப் பழைய இடத்திலிருந்தும், மாறியவற்றைப் புதிய இடத்திலிருந்தும் எடுத்துக்கொள்கிறது. விளையாடுபவருக்கு ஒரே விளையாட்டாகத் தெரியும். தனி ஐகானுக்கு அங்கே வேலையே இல்லை. திருத்தல் பத்திரத்தை மட்டும் வைத்துக்கொண்டு வீட்டில் குடியேற முடியுமா என்ன?

ஓர் உண்மையான திருத்தத்தைப் பார்த்துவிடலாம். போக்கிமான் எக்ஸ், ஒய் இரண்டும் 2013 அக்டோபர் 12 அன்று உலகெங்கும் ஒரே நாளில் வெளிவந்தன. அந்த விளையாட்டில் லூமியோஸ் என்றொரு பெரிய நகரம் உண்டு. அதன் சில தெருக்களில் நின்றபடி சேமித்துவிட்டு, பிறகு மறுபடி திறந்தால், விளையாட்டு அப்படியே உறைந்துவிடும். வெளிவந்த சில நாட்களிலேயே புகார்கள் குவிந்தன. நகரத்துக்குள் சேமிப்பதானால் போக்கிமான் மையத்துக்குள் போய்ச் சேமியுங்கள் என்று அறிவுரை பரவியது. அதே மாதக் கடைசியில் 1.1 என்ற அப்டேட் வந்து அதைச் சரிசெய்தது. ஏற்கெனவே மாட்டிக்கொண்டவர்களும் அப்டேட்டுக்குப் பிறகு தொடர முடிந்தது. அவர்களின் சேமிப்பு கெட்டுப்போகவில்லை; அதைப் படித்த நிரலில்தான் கோளாறு.

இப்போது யோசியுங்கள். முதல் வாரத்தில் விற்ற கார்ட்ரிட்ஜ் ஒன்றை இன்று நீங்கள் பழைய பொருட்கள் விற்பவரிடம் வாங்கினால், அதற்குள் இருப்பது இன்னமும் அந்த முதல் வடிவம்தான். நீங்களே அதைப் பிரதியெடுத்து எமுலேட்டரில் ஓட்டினாலும் அதே முதல் வடிவம்தான். பத்தாண்டுக்கு முன்பே தீர்ந்துபோன பிழை உங்கள் வீட்டில் மட்டும் உயிரோடு இருக்கும். "பழைய விளையாட்டுக்கு அப்டேட் எதற்கு, அதுதான் ஓடுகிறதே" என்பவர்களுக்கு நான் சொல்வது இந்த லூமியோஸ் கதையைத்தான்.

சர்வே எண் பொருந்த வேண்டும்

எந்த நிலத்துக்கான திருத்தம் என்று அலுவலகம் எப்படிக் கண்டுபிடிக்கிறது? சர்வே எண்ணை வைத்து. 3டிஎஸ்ஸிலும் ஒவ்வொன்றுக்கும் பதினாறு இலக்க எண் ஒன்று உண்டு. டைட்டில் ஐடி என்பார்கள். அது பதினாறு அடிமான எண் என்பதால் நடுநடுவே ஏ முதல் எஃப் வரையிலான ஆங்கில எழுத்துகளும் வரும். இங்கே அவற்றைத் தமிழில் எழுதுகிறேன், திரையில் ஆங்கிலத்தில் பார்ப்பீர்கள்.

போக்கிமான் எக்ஸின் எண் 0004000000055டி00. அதை நடுவில் வெட்டி இரண்டு எட்டாகப் பாருங்கள்: 00040000, 00055டி00. முதல் எட்டு, இது என்ன வகைப் பொருள் என்கிறது. இரண்டாவது எட்டு, எந்த விளையாட்டு என்கிறது. 00040000 என்றால் முழு விளையாட்டு. அதே போக்கிமான் எக்ஸின் அப்டேட்டுக்கு எண் 0004000ஈ00055டி00. பின்பாதி மாறவே இல்லை; முன்பாதியின் கடைசிச் சுழியம் மட்டும் ஈ ஆகியிருக்கிறது. தனியாக விற்ற கூடுதல் உள்ளடக்கம் என்றால் முன்பாதி 0004008சி ஆக இருக்கும். போக்கிமான் ஒய் பக்கத்து வீடு: அதன் பின்பாதி 00055ஈ00. எக்ஸின் அப்டேட்டை நிறுவிவிட்டு ஒய்யைத் திறந்தால் எந்த மாற்றமும் தெரியாது. பிழைச்செய்தியும் வராது. நிறுவும் செயலி தன் வேலையைச் செவ்வனே செய்துவிட்டது; பதிவான சர்வே எண்தான் வேறு.

ஆகவே, "நிறுவினேன், ஒன்றும் ஆகவில்லை" என்ற புகார் வந்தால் நான் முதலில் கேட்பது இரண்டு எண்களையும்தான். பின்பாதி எட்டு இலக்கமும் ஒன்றா? ஒன்றில்லை என்றால் மேற்கொண்டு பேச ஏதுமில்லை.

இதில் அடிக்கடி காலை வாருவது மண்டலம். 3டிஎஸ் மண்டலப் பூட்டு உள்ள கன்சோல்; ஒரு மண்டலத்துக்கென விற்ற விளையாட்டு இன்னொரு மண்டலத்தின் கன்சோலில் ஓடாது. பல விளையாட்டுகளின் ஜப்பானிய, அமெரிக்க, ஐரோப்பியப் பதிப்புகளுக்குத் தனித்தனி எண். பெட்டியில் ஒரே பெயர், உள்ளே வேறு ஆள். போக்கிமான் எக்ஸ் போல உலகுக்கெல்லாம் ஒரே பதிப்பாக வந்தவற்றில்தான் இந்தத் தொல்லை இல்லை. இன்னொரு விதமான பொறியும் உண்டு. அனிமல் கிராசிங் நியூ லீஃப் விளையாட்டுக்கு 2016 நவம்பரில் மிகப் பெரிய இலவச அப்டேட் ஒன்று வந்தது. அதே சமயத்தில், அந்த அப்டேட்டை உள்ளேயே சேர்த்து வெல்கம் அமீபோ என்ற பெயரில் புதிய கார்ட்ரிட்ஜும் விற்றார்கள். அந்தப் புதிய கார்ட்ரிட்ஜுக்கு வேறு டைட்டில் ஐடி. பழைய கார்ட்ரிட்ஜுக்கான அப்டேட்டை இதற்குப் போட முயல்வது வீண். போடத் தேவையும் இல்லை.

எண்களைப் பற்றி இன்னும் ஒன்று. அப்டேட்டின் கோப்பிலோ நிறுவும் திரையிலோ 1040 என்பது போன்ற பதிப்பு எண் கண்ணில் படும். மிரள வேண்டாம். 1024 ஒரு பெரிய படி, 16 ஒரு சின்னப் படி, மீதம் கடைசி இலக்கம். 1040 என்பது 1024ஐயும் 16ஐயும் கூட்டினால் வருவது, ஆக 1.1.0. அதேபோல் 2048 என்றால் 2.0.0. இந்த உள் எண்ணும் விளையாட்டின் திரையில் தெரியும் எண்ணும் ஒத்துப்போக வேண்டும் என்ற கட்டாயமில்லை, பல சமயம் ஒத்துப்போவதும் இல்லை. இரண்டு அப்டேட்டுகளில் எது புதிது என்று பார்க்க மட்டும் உள் எண் போதும்: பெரிய எண்ணே புதியது. பெரியது ஒன்று போதும் என்பதும் முக்கியம். 1.1, 1.2, 1.3 என்று படிப்படியாக ஏற வேண்டியதில்லை. புதிதாக வரும் ஒவ்வோர் அப்டேட்டும் முந்தைய திருத்தங்களையெல்லாம் தன்னுள் அடக்கிக்கொண்டு, பழையதன் இடத்தை எடுத்துக்கொள்கிறது.

அப்டேட் என்ற சொல்லுக்கு இங்கே மூன்று பொருள்

விளக்கங்களைப் படிப்பவர்கள் குழம்பும் இடம் இது. கன்சோலின் சொந்த இயங்குதள அப்டேட் ஒன்று. 2023 மே மாதம் வந்த 11.17 அந்த வகை. லூமா3டிஎஸ்ஸின் அப்டேட் இன்னொன்று. மெமரி கார்டின் வேர்ப்பகுதியில், அதாவது எந்தக் கோப்புறைக்குள்ளும் போகாமல் நேரடியாக, இருக்கும் பூட்.ஃபர்ம் என்ற கோப்பைப் புதியதாக மாற்றுவதுதான் அது. விளையாட்டின் அப்டேட் மூன்றாவது, நாம் பேசிக்கொண்டிருப்பது. ஒன்றுக்குச் சொன்ன எச்சரிக்கையை இன்னொன்றுக்குப் பொருத்திக்கொண்டு பயப்படுகிறவர்கள் ஏராளம். விளையாட்டின் அப்டேட் போடுவதால் கன்சோல் செயலிழந்துபோகாது. அதிகபட்சம் அந்த ஒரு விளையாட்டு திறக்காது, அவ்வளவே.

கன்சோலில் நிறுவும் முறை

மாற்றப்பட்ட கன்சோல் என்றாலே அப்டேட்டை எங்காவது தேடிப் பிடிக்க வேண்டும் என்று நினைக்கிறார்கள். தேவையில்லை. லூமா போட்ட கன்சோலிலும் ஈ-ஷாப் திறக்கும். விளையாட்டைத் திறக்கும்போது அப்டேட் இருப்பதாகக் கேட்டால் சம்மதம் கொடுங்கள். இறங்கி, தானே பதிவாகிவிடும். அளவை அது பிளாக் கணக்கில் சொல்லும். 8 பிளாக் ஒரு எம்பி என்று வகுத்துக்கொள்ளுங்கள். 1,000 பிளாக் என்றால் 125 எம்பி. என் கருத்து: இந்த வழி திறந்திருக்கும்வரை வேறு வழியைத் தேடுவது வெட்டி வேலை. அந்தச் சேவையகம் என்றைக்காவது ஒருநாள் நிற்கும் என்பதால், இப்போதே உங்களிடமுள்ள எல்லா விளையாட்டுகளுக்கும் அப்டேட்டை இறக்கி வைத்துக்கொள்வது புத்திசாலித்தனம்.

இறக்கியதைப் பிரதியெடுத்து வைக்கக் காட்மோட்9 என்ற கருவி இருக்கிறது. கன்சோலை அணைத்துவிட்டு, ஸ்டார்ட் பொத்தானை அழுத்திப் பிடித்தபடி இயக்கினால் அது திறக்கும். ஹோம் பொத்தானை அழுத்தி, டைட்டில் மேலாளரில் மெமரி கார்டைத் தேர்ந்தெடுங்கள். நிறுவியவை எல்லாம் எண்ணோடு வரிசையாக வரும். 0004000ஈ என்று தொடங்குவதைக் கண்டுபிடித்து, அதிலிருந்து சிஐஏ கோப்பை உருவாக்கச் சொன்னால், ஜிஎம்9 கோப்புறைக்குள் அவுட் என்ற இடத்தில் எழுதி வைக்கும். சிஐஏ என்பது நிறுவுவதற்கென்று கட்டிய பொட்டலம். உள்ளடக்கத்தோடு, என்னென்ன இருக்கிறது என்ற பட்டியலும், இதைத் திறக்க அனுமதி தரும் டிக்கெட்டும் அதற்குள் இருக்கும். ரயில் டிக்கெட் மாதிரிதான். அது இல்லாமல் கன்சோல் உள்ளே விடாது.

பின்னொரு நாள் அந்தப் பொட்டலத்தை மறுபடி நிறுவ எஃப்பிஐ என்ற செயலி பயன்படும். கோப்பை மெமரி கார்டில் சிஐஏஎஸ் என்ற கோப்புறையில் போட்டு, எஃப்பிஐயைத் திறந்து, எஸ்டி என்பதற்குள் போய்க் கோப்பைத் தேர்ந்தெடுத்தால் இரண்டு வாய்ப்புகள் வரும்: நிறுவு, நிறுவிவிட்டு சிஐஏவை அழி. கணினியில் பிரதி இருக்கிறது என்றால் இரண்டாவதே நல்லது. இல்லாவிட்டால் ஒரே பொருள் பொட்டலமாக ஒரு தடவையும் பிரித்து வைத்ததாக ஒரு தடவையும் கார்டில் இடத்தை அடைத்துக்கொண்டிருக்கும்.

சிஐஏ கோப்பை மெமரி கார்டில் போட்டதோடு வேலை முடிந்தது என்று விட்டுவிடுகிறவர்களும் உண்டு. பத்திரத்தை எழுதி பீரோவில் வைத்துக்கொள்வது மாதிரி அது. கன்சோல் எதையெல்லாம் நிறுவியிருக்கிறது என்று ஒரு பதிவேடு வைத்திருக்கிறது. நிறுவும் செயலி வழியாகப் போனால்தான் அதில் பெயர் ஏறும்.

முடிந்த பிறகு சரிபார்ப்பது எளிது. முகப்பில் விளையாட்டின் ஐகானைத் தொட்டு நிறுத்துங்கள், திறக்க வேண்டாம். அப்டேட் பதிவாகியிருந்தால் மேல் திரையில் பதிப்பு எண் தெரியும். அக்கா மகனிடம் இதைக் காட்டியபோது, "இவ்வளவுதானா மாமா?" என்றான். இவ்வளவுதான்.

கார்டை மாற்றினால் என்ன ஆகும்

நான் பாடம் படித்த இடம் இது. கன்சோலோடு வந்த 4 ஜிபி கார்டு நிறைந்துபோனதால், ஒரு கடையில் மலிவாகக் கிடைத்த 64 ஜிபி கார்டை வாங்கினேன். நியூ 3டிஎஸ் எக்ஸ்எல்லில் கார்டு பின்மூடிக்குள் ஒளிந்திருக்கும். இரண்டு திருகுகளைத் தளர்த்தி மூடியை எடுக்க வேண்டும். மாற்றிப் போட்டு, கார்ட்ரிட்ஜைச் செருகிப் பார்த்தால், சேமித்த ஆட்டம் இருக்கிறது, பதிப்பு எண்ணைக் காணோம். கார்ட்ரிட்ஜ் விளையாட்டின் சேமிப்பு கார்ட்ரிட்ஜிலேயே இருந்தது. அப்டேட் பழைய கார்டோடு போய்விட்டது. விளையாட்டு ஒரே நொடியில் வெளிவந்த நாளின் வடிவத்துக்குத் திரும்பியிருந்தது. அப்டேட் கார்ட்ரிட்ஜுக்குள் போவதில்லை என்பதை அன்றைக்குத்தான் உண்மையில் புரிந்துகொண்டேன்.

பழைய கார்டிலிருந்த எல்லாவற்றையும் கணினி வழியாகப் புதிய கார்டுக்கு அப்படியே நகலெடுத்தால் சரியாகிவிடும், கன்சோல் அதேயாக இருக்கும்வரை. நானும் நகலெடுத்தேன். பாதி விளையாட்டுகள் திறந்தன, பாதி திறக்கவில்லை. கார்டைப் பரிசோதிக்கும் எச்2டெஸ்ட்டபிள்யூ என்ற சிறு மென்பொருளை ஓட்டியதும் விஷயம் வெளிவந்தது: அட்டையில் அச்சிட்டிருந்ததில் பாதி இடம்கூட உள்ளே இல்லை. நிறைந்த பிறகும் எழுதுவதுபோல் நடித்துக்கொண்டிருந்த போலிக் கார்டு. அன்றிலிருந்து புதுக் கார்டு எதுவானாலும் முதலில் அந்தச் சோதனை, பிறகுதான் கன்சோல். இன்னொன்று: நிண்டெண்டோ சொல்லும் உச்ச அளவு 32 ஜிபி. அதைவிடப் பெரிய கார்டும் ஓடும், ஆனால் ஃபேட்32 முறையில் வடிவமைத்திருக்க வேண்டும். கடையிலிருந்து வரும் 64 ஜிபி கார்டு அப்படி வராது. விண்டோஸின் வழக்கமான ஃபார்மட் பெட்டியும் நெடுங்காலமாக 32 ஜிபிக்கு மேல் அந்த வாய்ப்பைத் தருவதில்லை. அதற்கென்று இருக்கும் ஜியூஐஃபார்மட் போன்ற தனி மென்பொருள் வேண்டும்.

கன்சோல் அதேயாக இருக்கும்வரை என்றேன் அல்லவா? கார்டிலுள்ள நிண்டெண்டோ 3டிஎஸ் என்ற கோப்புறையைக் கணினியில் திறந்து பாருங்கள். உள்ளே 32 எழுத்தில் வாயில் நுழையாத பெயர் கொண்ட ஒரு கோப்புறை. அந்தப் பெயர் உங்கள் கன்சோலுக்கே உரிய ரகசியச் சாவியிலிருந்து பிறப்பது. உள்ளே இருப்பவை எல்லாம் அந்தச் சாவியால் பூட்டப்பட்டவை. அதே கார்டை நண்பரின் 3டிஎஸ்ஸில் போட்டால், அது உங்கள் கோப்புறையைக் கண்டுகொள்ளாமல் தன் பெயரில் இன்னொரு 32 எழுத்துக் கோப்புறையைத் திறந்துகொள்ளும். இரண்டு இருக்கிறதே என்று பார்த்து, ஒன்றிலிருப்பதை மற்றொன்றில் இழுத்துப் போடுவார்கள். பலன் கிடைக்காது, பூட்டு வேறு, சாவி வேறு. ஒரு கன்சோலிலிருந்து இன்னொன்றுக்குக் கொண்டுபோக வேண்டுமென்றால் மேலே சொன்ன சிஐஏ பொட்டலமாகத்தான் கொண்டுபோக வேண்டும்.

எமுலேட்டரில்

3டிஎஸ்ஸுக்கு நெடுநாள் இருந்த எமுலேட்டர் சிட்ரா. கன்சோலின் உள்பெயரான சிடிஆர் என்பதிலிருந்து வந்த பெயர். நிண்டெண்டோவின் பிந்தைய கன்சோலான ஸ்விட்ச்சுக்குரிய எமுலேட்டர் யூசூ மீது நிண்டெண்டோ தொடுத்த வழக்கு 2024 மார்ச்சில் 24 லட்சம் டாலர் இழப்பீட்டோடு சமரசமானபோது, அதே குழுவினரின் கையிலிருந்த சிட்ராவும் கூடவே நிறுத்தப்பட்டது. அதன் நிரலை எடுத்து மற்றவர்கள் தனியாக வளர்த்த கிளைகள் சில ஒன்றுசேர்ந்து 2025இல் வந்ததுதான் அசஹார். ஸ்பானிய மொழியில் அது ஆரஞ்சுப் பூ. சிட்ரா, அதன் கிளைகளில் ஒன்றான லைம், அசஹார் என்று இந்தக் குடும்பம் எலுமிச்சை வம்சத்தை விடுவதாயில்லை.

இங்கே வேலை இன்னும் சுலபம். கோப்புப் பட்டியலில் சிஐஏவை நிறுவு என்பதைத் தேர்ந்தெடுத்து, அப்டேட்டின் கோப்பைக் காட்டினால் போதும். விளையாட்டையே சிஐஏவாக நிறுவியிருக்க வேண்டும் என்பதில்லை. கார்ட்ரிட்ஜிலிருந்து எடுத்த பிரதியை வழக்கம்போல் திறந்தாலும், எண் பொருந்துகிறதென்றால் அப்டேட் தானே சேர்ந்துகொள்ளும். காட்மோட்9இல் பிரதியெடுக்கும்போது பூட்டை அவிழ்த்து எடுக்கும் வாய்ப்பு இருக்கிறது. எமுலேட்டருக்கென்றால் விளையாட்டுக்கும் அப்டேட்டுக்கும் அதைச் செய்துவிடுவது நல்லது. பூட்டோடு இருக்கும் பிரதியை எமுலேட்டர் ஏற்காமல் திருப்பியனுப்புவதுதான் புதியவர்கள் முதலில் பார்க்கும் பிழைச்செய்தி.

நிறுவியது எங்கே போயிற்று என்று ஒருமுறையாவது போய்ப் பாருங்கள். எமுலேட்டரின் தரவு இடத்தில் எஸ்டிஎம்சி, அதற்குள் நிண்டெண்டோ 3டிஎஸ், அதற்குள் 32 சுழியங்களைப் பெயராகக் கொண்ட கோப்புறை, அதற்குள் மறுபடி 32 சுழியங்கள். கன்சோலில் ரகசியச் சாவியிலிருந்து பிறந்த பெயர் இருந்த இடத்தில் இங்கே வெறும் சுழியங்கள். எமுலேட்டருக்குச் சொந்தச் சாவி என்று ஒன்று கிடையாது. அதனால் இந்தக் கோப்புறையை இன்னொரு கணினிக்குத் தாராளமாக நகலெடுத்துக்கொள்ளலாம். இன்னும் உள்ளே போனால் டைட்டில், அதற்குள் 0004000ஈ, அதற்குள் 00055டி00. வெட்டிப் பார்த்த இரண்டு எட்டுகளும் அப்படியே இரண்டு கோப்புறைகளாக நிற்கின்றன. இவ்வளவு தூரம் நடக்க விருப்பமில்லை என்றால், எமுலேட்டரின் பட்டியலில் விளையாட்டின் பெயர்மேல் வலப்பொத்தானைச் சொடுக்குங்கள். அப்டேட் இருக்கும் இடத்தைத் திறக்க ஒரு வரி இருக்கும். அது மங்கலாக இருந்தால் அப்டேட் ஏறவில்லை.

அண்மையில் ஒருவர் அப்டேட்டை நீக்கப்போய் 00040000 என்ற கோப்புறையையே அழித்துவிட்டு அழுதார். உங்கள் சேமிப்பு அங்கேதான் இருக்கிறது: 00040000, அதற்குள் 00055டி00, அதற்குள் டேட்டா. அப்டேட்டை நீக்க வேண்டுமானால் ஈ என்று முடியும் கோப்புறைக்குள் இருப்பதை மட்டும் நீக்குங்கள். சேமிப்பு எப்போதும் மூல விளையாட்டின் பெயரில்தான் பதிவாகிறது. அப்டேட் போனாலும் அது போகாது.

சட்டத்தைப் பற்றியும் சொல்லிவிட வேண்டும். இந்தியப் பதிப்புரிமைச் சட்டம், 1957இன் 52ஆம் பிரிவு, கணினி நிரலின் பிரதியை முறைப்படி வைத்திருப்பவர், தொலைந்தால் சேதமானால் உதவ என்று காப்புப் பிரதி எடுத்துக்கொள்ள இடம் தருகிறது. அதே சட்டத்தில் 2012இல் சேர்ந்த 65ஏ பிரிவு, உரிமையை மீறும் நோக்கத்தோடு பூட்டை உடைப்பதைக் குற்றமாக்குகிறது. அடுத்தவர் ஏற்றி வைத்த கோப்பை இறக்குவது காப்புப் பிரதி ஆகாது. இது ஒருபுறம் இருக்க, முகம் தெரியாதவர் கட்டிய பொட்டலத்தைப் பிரிப்பதைவிட, சொந்தக் கன்சோலில் இறங்கியதை நாமே கட்டிக்கொள்வது தொழில்நுட்ப ரீதியாகவும் தொல்லை குறைந்த வழி. எந்த மண்டலம், எந்தப் பதிப்பு என்ற சந்தேகமே எழாது.

மாற்றங்களும் சேமிப்பும்

விளையாட்டை மொழிபெயர்க்கும், வண்ணம் மாற்றும், கடினமாக்கும் ரசிகர் மாற்றங்கள் உண்டு. லூமாவில் அவை லூமா கோப்புறைக்குள் டைட்டில்ஸ் என்ற இடத்தில் விளையாட்டின் எண்ணைப் பெயராகக் கொண்ட கோப்புறையில் போகும். கன்சோலை இயக்கும்போது செலக்ட் பொத்தானைப் பிடித்து, வரும் பட்டியலில் விளையாட்டு மாற்றத்தை அனுமதிக்கும் வரியைத் தேர்ந்திருக்க வேண்டும். இங்கே அப்டேட்டின் எண்ணைப் போடக்கூடாது. 00040000 என்று தொடங்கும் மூல எண்ணே வேண்டும். அப்டேட்டில் வரும் நிரலும் தன்னை அந்தப் பெயரில்தான் அறிமுகப்படுத்திக்கொள்கிறது.

நிரலையே மாற்றும் வகையான மாற்றம் என்றால் பதிப்பு மிக முக்கியம். "இத்தனையாவது பைட்டில் இதை எழுது" என்ற கட்டளைத் தொகுப்புதான் அது. 1.0க்கு எழுதிய கட்டளையை 1.1இல் ஓட்டினால், அந்த இடத்தில் இப்போது வேறெதுவோ இருக்கும். விளையாட்டு கறுப்புத் திரையோடு நின்றுவிடும். அப்டேட் போட்டதும் விளையாட்டு திறக்கவில்லை என்று வருபவர்களிடம் நான் கேட்கும் இரண்டாவது கேள்வி, பழைய மாற்றம் ஏதாவது கிடக்கிறதா என்பது. அந்தக் கோப்புறையின் பெயரைத் தற்காலிகமாக மாற்றிவிட்டுத் திறந்து பார்த்தால் ஒரு நிமிடத்தில் தெரிந்துவிடும்.

சில மாற்றங்களுக்குப் பழைய பதிப்பே தேவை என்பதால் அப்டேட்டை நீக்க நேரும். எஃப்பிஐயில் டைட்டில்ஸ் பட்டியலுக்குப் போய் 0004000ஈ என்று தொடங்குவதைத் தேர்ந்து நீக்கலாம். ஆனால் புதிய பதிப்பில் எழுதிய சேமிப்பைப் பழைய பதிப்பு படிக்க மறுக்கும் விளையாட்டுகள் உண்டு. ஆகவே நீக்கும் முன், நிறுவும் முன்னும்தான், செக்பாயிண்ட் என்ற செயலியால் சேமிப்பை ஒரு நகல் எடுத்து, பதிப்பு எண்ணோடு பெயரிட்டு வையுங்கள். அக்கா மகன் தன்னுடையதற்கு "மாமா சொன்னது 1" என்று பெயர் வைத்திருக்கிறான். எந்தப் பதிப்பு என்று அவனுக்கு நினைவிருக்கும்வரை அதுவும் சரிதான்.